ஒப்புக்கொடுத்த பசி

அந்த ஐஸ் தண்ணீர்த் தொட்டியைப் பார்த்ததுமே ஆனந்தமேரிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பெற்ற பிள்ளை எலும்பும் தோலுமாய் நிற்கிறாள். இவர்கள் என்னடாவென்றால் அவள் கையை ஐஸில் விடச் சொல்கிறார்கள்!

"இன்னாங்க மேடம் இது, வைத்தியமா வேடிக்கையா?"

ஆராய்ச்சிக்காகச் சென்னையிலிருந்து வந்திருந்த எழில்மதி கோபித்துக்கொள்ளவில்லை. சாப்பிட முடியாமல் போன பிள்ளைகளுக்கு வலி எப்படித் தெரிகிறது, வேண்டியவர்கள் பக்கத்தில் இருந்தால் குறைகிறதா என்று பார்க்கிறார்களாம். முதலில் தனியாக, அப்புறம் அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு. முடியாவிட்டால் எப்போது வேண்டுமானாலும் கையை எடுத்துவிடலாம். கல்லூரிக்குப் போகிற ஏஞ்சலின் தானே சம்மதம் சொல்லிவிட்டாள். ஆனால் ஆஸ்பத்திரியில் சேருவதற்கு மட்டும் சம்மதிக்கவில்லை. இன்னும் இளைத்தால் இதயம் தாங்காது என்று கள்ளக்குறிச்சி டாக்டர் கெஞ்சாத குறைதான். மகள் ஒரே பிடியாய் மாட்டேன் என்கிறாள்.

ஊரில் காற்று கருப்பு என்றார்கள், காதல் என்றார்கள். ஊர் வாயை மூடவா முடியும்? ஆனந்தமேரிக்குத் தெரியும், எல்லாம் தவக்காலத்து ஒருசந்தியில்தான் ஆரம்பித்தது. நாளுக்கு ஒரு வேளைச் சோறு, கோயிலுக்குப் போகிற எல்லாரும் இருப்பதுதான். கரும்பு வெட்டப் போன புருஷன் சவரிமுத்து போன இடத்திலேயே தங்கிவிட்டார். "அப்பா திரும்பி வரணும்னு பசிய ஆண்டவருக்கு ஒப்புக்கொடுத்துடு" என்று மகளுக்குச் சொல்லிக்கொடுத்ததே அவள்தான். சின்ன வயசில் முழங்கால் சிராய்த்துக்கொண்டு வந்தாலும் அதே பாடம்: அழாதே, ஒப்புக்கொடு.

ஈஸ்டர் வந்தது. வீட்டில் கறி கொதித்தது. ஏஞ்சலின் ஒருசந்தியை விடவில்லை. அதைத் தெருத்தெருவாய் நடக்கும் ஜெபக் கூட்டத்தில் சொல்லி ஆனந்தமேரி எவ்வளவு பூரித்துப் போனாள்! பெண்களெல்லாம் பிள்ளையின் தலையைத் தொட்டுக் கும்பிட்டார்கள். பாழாய்ப் போன பெருமை. ஒரு வேளை அரை வேளையாகி, கடைசியில் கஞ்சித் தண்ணீரில் வந்து நின்றது.

ஏஞ்சலின் தண்ணீரில் கையை விட்டாள். முகத்தில் ஒரு சுளிப்பு இல்லை. நேரம் முடிந்து எழில்மதிதான் எடுக்கச் சொல்ல வேண்டியிருந்தது.

"பத்துக்கு எவ்வளவு வலிச்சுது?"

"ஒண்ணும் வலிக்கல மேடம்."

ஆனந்தமேரிக்கு, ஐயோ, அந்த நேரத்திலும் உள்ளுக்குள் கொஞ்சம் பெருமையாகத்தான் இருந்தது.

கை பழைய சூட்டுக்கு வந்தபின் இரண்டாவது முறை. ஆனந்தமேரி மகளின் இன்னொரு கையைத் தன் கைக்குள் வாங்கிக்கொண்டாள். வளர்ந்த பிள்ளையின் கையைப் பிடித்து எத்தனை காலமாயிற்று! முகம் அதே முகம்தான். ஆனால் உள்ளங்கைக்குள் விரல்கள் வெடவெடவென்று நடுங்கின.

"இப்ப எப்படியிருக்கு?" என்றாள் எழில்மதி.

"ஒண்ணும் இல்ல."

சொல்லும்போதே அம்மாவின் உள்ளங்கையில் நகங்கள் அழுந்தின. ஆனந்தமேரி எழுந்து மகளின் கையைத் தண்ணீரிலிருந்து வெடுக்கென்று இழுத்தாள்.

"பொய் சொல்றா மேடம்! வலிக்குது அவளுக்கு. எங்கையில தெரியுது!"

சிவந்த கையை முந்தானையில் சுற்றி நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். வாய் திறந்தால் அழுகைதான் வந்தது.

"போதும்டி கண்ணு. உங்கப்பா வரமாட்டாரு. அங்கயே வேற குடும்பமாயிட்டாரு. நீ எவ்ளோ பட்டினி கெடந்தாலும் வரமாட்டாரு."

ஏஞ்சலின் தலை நிமிரவில்லை. "எனக்குத் தெரியும்மா. ஈஸ்டருக்கு முன்னாடியே போன்ல சொல்லிட்டாரு."

"அப்புறம் இன்னாத்துக்குடி ஒருசந்திய வுடாம இருந்த?"

"எம்பொண்ணு ஒருசந்திக்கே அவரு வூடு வந்துடுவாருன்னு நீ எல்லார்கிட்டயும் சொல்லிக்கினு இருந்தியேம்மா. நான் சாப்புட்டா, அவரு இனிமே வரமாட்டாருன்னு உனக்குத் தெரிஞ்சிடுமேன்னு."

எழில்மதி ஓசைப்படாமல் எழுந்து வெளியே போனாள்.

ஆனந்தமேரி பையிலிருந்து இட்லிப் பொட்டலத்தைப் பிரித்தாள். ஒரு துண்டு பிட்டு மகளின் வாயில் வைத்தாள். ஏஞ்சலின் மென்றாள், மென்றுகொண்டே இருந்தாள். கண்ணீர் மாலை மாலையாய்க் கொட்டியது.

"முழுங்க வரலம்மா. இப்ப சாப்புடணும்னு நெனச்சாலும் முடியல."

"வலிக்குதாடி?"

"வலிக்குதும்மா. ரொம்ப வலிக்குது."

ஒப்புக்கொடு என்று சொல்லவில்லை ஆனந்தமேரி. துப்பட்டும் என்று மகளின் வாய்க்குக் கீழே தன் கையை ஏந்தினாள்.