பதினொரு மீட்டர் சிரிப்பு

மாட்ரிட்டில் எலாதியோ படம் எடுத்துக்கொண்டிருந்த காலத்தில், தணிக்கை அலுவலகத்தின் வராந்தா வெட்டுக்கு வெட்டு நீண்டது. படத்தில் ஒரு மீட்டர் போனால் வராந்தாவில் ஒரு மீட்டர் கூடும். யாரும் அதைப் பெரிதுபடுத்தவில்லை.

அவருடைய முதல் படம் 1948இல் வந்தது. கதை, வசனம், இயக்கம் எல்லாம் அவரே. அதில் ஒரு முத்தம் போயிற்று. நான்கு மீட்டர். மூன்றாவது படம் ரேஷன் வரிசையைப் பற்றியது. வரிசை முழுவதும் போயிற்று. கதாநாயகன் வெறும் தெருவில் காரணமில்லாமல் நின்றான். ஆழமான காட்சி என்று விமர்சகர்கள் எழுதினார்கள். எலாதியோ அந்தச் செய்தித்தாளைக் கிழித்து அடுப்பில் போட்டார்.

ஏழாவது படத்துக்குக் கையில் சாப்பாடு கட்டிக்கொண்டு போக வேண்டியிருந்தது. காலை ஒன்பது மணிக்கு வராந்தாவில் நுழைந்தவர் நண்பகலில் அதன் கோடியிலிருந்த தணிக்கை மேசையை அடைந்தார்.

அதிகாரி ஃபுல்ஹென்சியோ தலை நிமிரவில்லை.

"விதவை சிரிக்கிறா. பதினொரு மீட்டர்."

"புருஷன் செத்து ஆறு வருஷம் ஆச்சு ஐயா. ரொட்டிக்கடை தெறக்கிறா. மொத ரொட்டி கருகிப்போச்சு. சிரிக்கிறா. படமே அதுதான்."

"எதைப் பாத்து சிரிக்கிறா?"

"கருகின ரொட்டியை."

"நம்ம நாட்டு ரொட்டியையா?"

எலாதியோவுக்குக் காது வரை சுட்டது.

"வேணும்னா அழட்டும்," என்றார் அதிகாரி. "அப்புறம், இந்தப் படத்தை எடுத்தது எலாதியோதான்னு எலாதியோகிட்டேயிருந்து ஒரு கடிதம் வேணும்."

"நான்தான் எலாதியோ."

"அதை அவர் வந்து சொல்லட்டும்."

கத்தரி விழுந்தது. மேசை பதினொரு மீட்டர் பின்னால் போயிற்று. புதுச் சுவரில் சுண்ணாம்பு இன்னும் ஈரமாக இருந்தது. அதன் அடியில், மாவு மூட்டையின் மேல் பெனிதா உட்கார்ந்திருந்தாள். நடித்தவள் அல்ல, படத்தில் வரும் விதவையேதான். கையில் கருகிய ரொட்டி.

அவளைத் தாண்டி ரேஷன் வரிசை, ஒரு ஆள் குறையாமல். அதற்கும் அப்பால் ஒரு ஜோடி பத்து வருடமாக முத்தமிட்டுக்கொண்டிருந்தது. வரும்போது அவர்களைச் சுவர்ச் சித்திரம் என்று நினைத்து அவர் கடந்து வந்திருந்தார்.

நல்லதெல்லாம் இங்கேதான் இருந்தது. வெளியே ஓடியது சக்கை. ஒவ்வொரு வெட்டுக்கும் கீழே சம்மதம் என்று கையெழுத்துப் போட்டதும் அவர் கைதான். அந்தக் கையைச் சுவரில் ஓங்கிக் குத்தினார்.

"ஐயா! அழுகையையும் வெட்டுங்க!"

ஃபுல்ஹென்சியோ எந்த வெட்டையும் மறுத்தவரில்லை. வெட்டினார். மேசை விலகியது.

"தலைப்பை வெட்டுங்க! தெருவை வெட்டுங்க! என் பேரை வெட்டுங்க!"

"போதுமா?" குரல் தேய்ந்து வந்தது.

"போதாது!"

படத்தின் இரண்டாயிரத்து அறுநூறு மீட்டரும் போயிற்று. மேசை தீப்பெட்டியளவு ஆகி, புள்ளியாகி, காணாமல் போனது. எலாதியோ திரைத்துறையை விட்டு விலகினார் என்று மறுநாள் பத்திரிகையில் வந்தது. அதே காலையில் அவர் கேமராவைத் தோளில் சுமந்து வராந்தாவுக்குள் நுழைந்தார். கோபம் அடங்காமல் லென்ஸை வெடுக்கென்று திருப்பினார். ஃபோகஸ் சரியாக நிற்கவில்லை.

"இப்ப சிரிக்கலாங்களா?" என்று கேட்டாள் பெனிதா.

"யாரைக் கேக்குற?" என்று அவள் மீதும் எரிந்து விழுந்தார்.

அவள் பழக்கத்தில், மேசை இருந்த வராந்தாக் கோடியைப் பார்த்தாள். பிறகு ரொட்டியைப் பார்த்தாள். சிரித்தாள்.

கேமராவில் ஃபிலிம் சுருள் தீரும்வரை அவர் நிறுத்தச் சொல்லவில்லை.