பக்கத்து வீடு இல்லாத சுவர்

சாலைக் கடைத்தெருவில் ஒரு பழைய சரக்குக் கிட்டங்கியின் மேல்மாடி ஜன்னல்களைப் பத்மப்ரியா காட்டிக்கொண்டிருந்தபோது யூசுப் குறுக்கிட்டார். "ஏம்மா, துறைமுகப் பட்டணம்னு விளம்பரத்துல போட்டிருந்துச்சே. கடல் எங்க இருக்கு?"

அவள் மேற்கே கையைக் காட்டினாள். வலியதுறையில் கடலுக்குள் நீண்ட பாலம் ஒன்று இருந்ததையும், அதை அலை கொஞ்சம் கொஞ்சமாகத் தின்றுவிட்டதையும், அங்கே இறங்கிய சரக்குகள் இந்தத் தெருவைத் தேடி வந்ததையும் சொன்னாள். வேறொரு நாளாக இருந்தால் இதை நிதானமாகச் சொல்லியிருப்பாள். மாடியில் ஏன் இத்தனை சிறிய ஜன்னல்கள், மூட்டை தூக்கும் உருளைகள் எந்த உத்தரத்தில் தொங்கின என்று விரலால் காற்றில் வரைந்து காட்டியிருப்பாள். இன்று நாலு வாக்கியத்தில் முடித்துக்கொண்டு ஆட்டோவைத் தேடினாள். வெயில் ஏறிவிட்டால் அப்பா கூடத்திலிருந்து எழுந்து உள்ளே போய்விடுவார்.

யூசுப் தூத்துக்குடித் துறைமுகத்தில் சரக்கு ஏற்றுவதை மேற்பார்வை பார்த்து ஓய்வு பெற்றவர். மஸ்கட்டில் இருக்கும் மகள் போனிலேயே பணம் கட்டி, அவர் ஒருவருக்காக மட்டும் பழைய கட்டடங்களைச் சுற்றிப் பார்க்கும் இந்த நடையை ஏற்பாடு செய்திருந்தாள். கட்டடங்களைப் பற்றி அவருக்குப் பெரிய ஆர்வம் இருந்ததாகத் தெரியவில்லை. மகள் அனுப்பியதால் வந்தவர், மகள் பிறகு கேட்டால் சொல்லவேண்டுமே என்று எல்லாவற்றையும் கவனமாகப் பார்த்தார். அந்தக் கவனம் பத்மப்ரியாவுக்கு ஏதோ ஒரு விதத்தில் கூச்சத்தைத் தந்தது. அவரை அவள் வேறொரு காரியத்துக்காக அழைத்துக்கொண்டு போகிறாள்.

கரமனையில் அவள் பிறந்து வளர்ந்த தெருவில் வீடுகள் ஒன்றோடொன்று ஒட்டி நிற்பவை. இரண்டு வீட்டுக்கு நடுவில் ஒரே சுவர். அஜீஷைப் பதிவுத் திருமணம் செய்துகொண்ட அன்று அப்பா நாகேஸ்வரன் குரலை உயர்த்தாமல், "நான் இருக்கறவரைக்கும் இந்தப் படி ஏறாதே" என்றார். அவள் ஏறவில்லை. ஒரு வருடம் போனால் சரியாகிவிடும் என்று சொன்னவர்கள் இருவரையும் சரியாக அறியாதவர்கள். அம்மா போன அன்றுகூட அவள் தெருவில்தான் நின்றாள். யாரும் தடுக்கவில்லை. அவர் கூப்பிடுவார் என்று அவள் நின்றாள். அவள் வந்துவிடுவாள் என்று அவர் நினைத்திருக்கலாம். அதைக் கேட்டுத் தெரிந்துகொள்ளும் வழி அதன்பிறகு இருக்கவில்லை.

வெளியூர்க்காரர்களுக்குப் பழைய கட்டடங்களைச் சுற்றிக்காட்டும் இந்த வேலையை அவள் தொடங்கியபோது, கோட்டையும் சாலையும் போதும் என்றுதான் கூட வேலை செய்த ஆர்க்கிடெக்ட்டுகள் சொன்னார்கள். அவள் கரமனையையும் சேர்த்தாள். வந்தவர்களைத் தன் வீட்டின் முன்னால் நிறுத்தி, தெருவாசலும் ரேழியும் கூடமும் கொல்லைவாசலும் ஒரே நேர்கோட்டில் இருப்பதை ஆங்கிலத்தில் விளக்குவாள். அந்தக் கோட்டின் நடுவில் அப்பா நாற்காலியில் பேப்பரோடு இருப்பார். ஏறிட்டுப் பார்க்கமாட்டார். ஆனால் கதவைச் சாத்தியதுமில்லை. அவள் பேசி முடிக்கும்வரை பேப்பரில் ஒரு பக்கம்கூடப் புரளுவதில்லை என்பதை அவள் வெகு நாட்கள் கழித்துத்தான் கவனித்தாள். அதன் பிறகு அந்த வீட்டைப் பற்றிச் சொல்ல அவளிடம் விஷயம் கூடிக்கொண்டே போனது.

இந்தக் கோடையின் தொடக்கத்தில் அடுத்த வீட்டை வாரிசுகள் விற்றுவிட்டார்கள். வாங்கியவர் இடித்துவிட்டார். எதிர்வீட்டுப் பார்வதியம்மாள் போனில் படம் அனுப்பியிருந்தாள். பத்மப்ரியா அதைப் பெரிதாக்கிப் பார்த்தாள். இரண்டு வீட்டுக்கும் நடுவில் இருந்த, மண்சாந்தில் அடுக்கிய வெட்டுக்கல் சுவர் வானத்தைப் பார்த்து நின்றது. மழைக்கு முன் சுவரைக் கவனிக்கவேண்டும் என்று பார்வதியம்மாளிடம் சொல்லி அனுப்பினாள். "நீ உன் வேலையைப் பார்" என்று பதில் வந்தது. ஜெயந்த் என்ற இன்ஜினீயர் நண்பனை அனுப்பினாள். யார் அனுப்பியது என்ற ஒரே கேள்வியோடு அப்பா கதவைச் சாத்தினார். அவளே படியேறிப் போய்ச் சொல்லியிருக்கலாம். ஆனால் போனால் பேச்சு சுவரைப் பற்றியதாக இருக்காது, அவள் ஏறியதைப் பற்றியதாகிவிடும். மழை அதற்காகக் காத்திருக்காது. அவள் சொல்வதை அப்பா கேட்கும் இடம் ஒன்றுதான் மிச்சமிருந்தது, வீட்டின் முன்னால் நின்று வெளியூர்க்காரர்களுக்கு அவள் விளக்கும் இடம். வெயிலில் யாரும் நடக்க வருவதில்லை. இடித்த பிறகு வந்த முதல் ஆள் யூசுப்.

தெரு அமைதியாக இருந்தது. இடித்த இடத்தில் உடைந்த ஓடுகள் குவிந்து கிடந்தன. நேரில் பார்க்கும்போது சுவர் படத்தில் இருந்ததைவிட மெலிதாகத் தெரிந்தது. அடுத்த வீட்டுக்காரர்களின் நீலப் பெயின்ட், சமையலறைப் புகை ஏறிய கறுப்பு, மாடிப்படி ஏறிப்போன சாய்வுக்கோடு, ஏதோ படம் தொங்கிய ஆணி எல்லாம் தெருவுக்குத் தெரியும்படி இருந்தன. ஒரு குடும்பத்தின் உட்பக்கத்தை இப்படி வெயிலில் பார்ப்பது சரியில்லை என்பதுபோல யூசுப் கண்ணை வேறு பக்கம் திருப்பிக்கொண்டார். கூடத்தில் அப்பா இருந்தார். பேப்பர் இருந்தது.

"சார், இங்க நின்னு பாருங்கோ" என்றாள். காலையிலிருந்து அவரிடம் பேசிவந்த தமிழ் அதுவல்ல. குரலும் அதுவல்ல. "இந்த வரிசையில ஒரு வீட்டுக்கும் தனியா சுவர் கிடையாது. ரெண்டு வீட்டுக்கு ஒண்ணு. அந்த வீட்டை இடிச்சவா உத்தரத்தையெல்லாம் உருவி எடுத்துண்டு போயிட்டா. அந்தப் பொந்தெல்லாம் பாத்தேளா? இது உள்சுவராக்கும். ஒரு மழைகூடப் பாத்ததில்லை."

யூசுப் மெதுவாகச் சொன்னார்: "எனக்குக் காது நல்லாத்தான் கேக்கு, ம்மா. இவ்வளவு சத்தம் வேண்டாம்."

அவள் குறைக்கவில்லை. "எடவப்பாதி மழை தொடங்கினா அந்தப் பொந்து வழியா தண்ணி இறங்கும். உள்ள இருக்கறது வெறும் மண்ணு. அது கரைஞ்சா கல்லு நிக்காது. மேலே பாருங்கோ, இப்பவே வெளியில தள்ளிண்டு இருக்கு."

யூசுப் மேலே பார்த்தார். பிறகு அவளைப் பார்த்தார். பிறகு திறந்த கதவுக்குள், பேப்பரை அசைக்காமல் பிடித்திருக்கும் மனிதரைப் பார்த்தார்.

"யாரும்மா அவரு?"

"வீட்டுக்காரர்."

"அது தெரியுது."

தெருவில் எங்கோ குழாயிலிருந்து தண்ணீர் விழும் சத்தம் கேட்டது. "அப்பா" என்றாள், அவருக்கு மட்டும் கேட்கும்படி.

யூசுப் குடையை மடக்கினார். சுவரை இன்னொரு முறை பார்த்துவிட்டு, கப்பல் தளத்திலிருந்து கரைக்குக் கூப்பிட்டுப் பழகிய தொண்டையைத் திறந்தார். "அப்போ இந்த வீட்டுல இருக்கவங்க என்ன செய்யணும்? அதைச் சொல்லுங்க!"

எதிர்வீட்டு ஜன்னல் திறந்தது. பார்வதியம்மாள் தலையை நீட்டினாள். "எந்தா, காலங்கார்த்தால சண்டையா?"

"சண்டை இல்லம்மா" என்றார் யூசுப். "கட்டடக்கலை."

"முதல்ல முட்டுக் கொடுக்கணும் சார்" என்று பத்மப்ரியா தொடர்ந்தாள். சிரிப்பும் அழுகையும் ஒரே இடத்திலிருந்து வருவதுபோல இருந்தது. "பொந்தையெல்லாம் அடைச்சுப் பூசணும். அதுக்கெல்லாம் நாளாகும். அதுவரைக்கும் அந்தச் சுவரை ஒட்டின ரூம்ல யாரும் படுக்கப்படாது."

பேப்பர் மடங்கும் சத்தம் கேட்டது.

"சார்." அப்பாவின் குரல். இத்தனை அருகில் அதைக் கேட்டு எத்தனையோ காலமாகியிருந்தது. சற்றுக் கரகரத்திருந்தது. "வெளியிலேர்ந்து பாத்தா எல்லாச் சுவரும் விழறாப்போலத்தான் தோணும். உள்ள வந்து பாருங்கோ. எந்த ஊர்?"

"தூத்துக்குடி. பேரு யூசுப்."

"வாங்கோ."

யூசுப் செருப்பைக் கழற்றிவிட்டுப் படியேறினார். அவர் ரேழியைக் கடந்து போவதைப் பத்மப்ரியா தெருவில் நின்று பார்த்தாள். அந்தப் படி அவளைத் தவிர வேறு யாருக்கும் மறுக்கப்பட்டதல்ல என்பது அவளுக்கு எப்போதும் தெரிந்ததுதான். தெரிந்த ஒன்றைக் கண்ணால் பார்ப்பது வேறாக இருந்தது.

அம்மாவின் அறை கூடத்தை ஒட்டி இடதுபக்கம், அந்தச் சுவரோரம்; இப்போது அப்பா படுப்பது அதில்தான். இருவரும் அதற்குள் போனார்கள். குரல்கள் மட்டும் வந்தன.

"நன்னாப் பாருங்கோ. ஒரு விரிசல் உண்டா? நூறு வருஷம் நின்ன சுவராக்கும். யாரோ வந்து நாலு வார்த்தை பேசினா விழுந்துடுமா?"

"நூறு வருஷமும் அதுக்கு ரெண்டு பக்கமும் வீடு இருந்தது, சார்" என்றாள் தெருவிலிருந்து.

"ரெண்டு பக்கமும் வீடு இருந்துச்சாம்" என்றார் யூசுப்.

"கேட்டுது" என்றார் அப்பா.

"கட்டில் தலைமாட்டுக்கு மேல கையால தட்டிப் பாக்கணும் சார்" என்றாள்.

தட்டியது அவளுக்குக் கேட்கவில்லை. யூசுப் சொன்னதுதான் கேட்டது. "உள்ள பொள்ளலா இருக்கே சார்."

"சுண்ணாம்பு பழசாச்சுன்னா அப்படித்தான்." பிறகு ஒரு நீண்ட மௌனம். அது அவளுக்கு நன்றாகத் தெரிந்த மௌனம். அப்பா ஒரு பேச்சை மூடிவிட்டுப் பேப்பரை எடுக்கப்போகிறார் என்பதன் அடையாளம். பள்ளி மதிப்பெண் அட்டை முதல் அஜீஷ் வரை எல்லாம் அந்த மௌனத்துக்குள்தான் போய் மறைந்தன. யூசுப் திரும்பி வருவார். நடை முடிந்துவிடும். மழை வரும்.

"ரூமை மாத்திக்கலாமே சார்" என்று யூசுப் தயங்கிக் கேட்பது காதில் விழுந்தது.

"அது அவ அம்மா படுத்த கட்டில். அது அங்கதான் கிடக்கும்."

அவ அம்மா. பத்மப்ரியா இடித்த இடத்தைப் பார்த்தாள். நீலப் பெயின்டின் நடுவில் அந்தக் கறுப்புத் திட்டு. அடுத்த வீட்டு அடுப்பு அங்கேதான் இருந்தது. அதன் சூடு சுவரைக் கடந்து இந்தப் பக்கம் வரும். அம்மாவுக்கு முட்டுவலி. காலை அடுப்பு மூட்டியதும் சுவர் மெல்லச் சூடேறும். அம்மா முழங்காலை அதில் ஒட்டிவைத்துக்கொண்டு, எழுந்திருக்க மனமில்லாமல் கிடப்பாள். அதற்காகத்தான் கட்டிலை இழுத்து அந்தச் சுவரோடு சேர்த்துப் போட்டார்கள். போட்டது அப்பாவும் அவளும்.

இதைச் சொல்லக் குரலை உயர்த்த அவளால் முடியவில்லை.

"அந்தச் சுவர்ல இப்போ சூடு இல்லையே, சார்."

யூசுப்புக்கு அது கேட்டிருக்காது. கேட்டிருந்தாலும் புரிந்திருக்காது. கேட்டால் அப்பாவுக்குப் புரியும். பார்வதியம்மாள் ஜன்னலில் அப்படியே நின்றாள். அறைக்குள் அப்பா சுவரில் கை வைத்துப் பார்க்கிறாரா, அல்லது தினமும் வைத்துப் பார்த்துக்கொண்டுதான் இருந்தாரா என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

பிறகு மரம் தரையில் உரசும் சத்தம் வந்தது.

பலாமரக் கட்டில். பிரித்து எடுக்க முடியாத பழைய வேலை. அதன் கால்மாடு அறைவாசலில் தெரிந்தது. சட்டை நனைந்து முதுகில் ஒட்டியிருக்க யூசுப் பின்பக்கமாக நடந்து வந்தார். கூடத்துக்குள் ஒரு முழம் வந்ததும் கட்டில் நிலைப்படியில் இடித்து நின்றது. ஒரு பக்கம் சாய்த்துத் தூக்கினால்தான் தாண்டும். யூசுப் தூக்கப் பார்த்தார். பாதியில் "யா அல்லா" என்று விட்டுவிட்டு இடுப்பைப் பிடித்துக்கொண்டார். மெதுவாக ரேழியைக் கடந்து வந்து, தெருப்படியில் செருப்புகளுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"ஆகல ம்மா. டிஸ்க் கோளாறு. மக கேட்டா இதைச் சொல்லிராதீங்க."

"தண்ணி வேணுமா சார்?"

"ஒண்ணும் வேண்டாம்." எதிர்வீட்டில் தூக்க ஆள் உண்டா என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம். பார்வதியம்மாளும் யாரையும் கூப்பிடவில்லை. ஜன்னல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

அறைக்குள்ளிருந்து அப்பாவின் குரல் வந்தது. "கால்மாட்டை ஒருத்தர் தூக்கணும்."

யூசுப் திரும்பிப் பார்க்கவில்லை. படியில் சற்று நகர்ந்து ஓரமாக உட்கார்ந்துகொண்டார்.

அப்பா தன் பக்கத்தைத் தூக்கியிருந்தார். நிலைக்கு உள்ளே, அரை இருட்டில், அவருடைய வெள்ளை வேட்டியும் இரண்டு முழங்கைகளும் தெரிந்தன. முழங்கைகள் நடுங்கின. கீழே வைத்துவிட்டு இளைப்பாறலாம். அவர் வைக்கவில்லை. அவள் பக்கம் பார்க்கவுமில்லை. பார்வை கட்டிலின் மேல் நிலைத்திருந்தது. கட்டில் சரிந்து, கயிற்றுப்பின்னலின் அடிப்பக்கம் தெரிய, கொல்லையிலிருந்து வந்த வெளிச்சம் அதன் துளைகள் வழியே கூடத்துத் தரையில் சிதறிக் கிடந்தது. கூடத்துக்குள் நீண்டிருந்த முனையில், வழவழத்துப்போன இரண்டு மரக்குமிழ்களுக்கு நடுவே, பிடிப்பதற்கான இடம் காலியாக இருந்தது.