தொப்பியில் விழுந்த தூள்

நான் சமையலறைக்குள் போனபோது மாமா தட்டை வழித்துக்கொண்டிருந்தார். மேடையில் இருந்த என் காளான்களைக் காணவில்லை.

"எதச் சாப்பிட்டீங்க?"

"நீ கொண்டாந்த காளானத்தான். ஏன் மாப்ள, டிக்கெட் எடுத்துட்டுத்தான் சாப்பிடணுமா?"

மாமா பஸ் கண்டக்டர். அக்காவைக் கட்டியவர். அடுப்பில் இன்னொரு தட்டு மூடியிருந்தது. அக்காவின் பங்கு. எடுத்து அலமாரியின் மேல்தட்டில் வைத்தேன்.

ஆறு வருடம் இரவு ஷிப்டில் அட்டைப்பெட்டி மடித்தேன். நாலு மாதத்துக்கு முன் விட்டுவிட்டேன். ராத்திரியில் இன்னும் தூக்கம் வருவதில்லை, விடியும்போது வருவது எரிச்சல்தான். அதனால் பஸ் டிப்போவுக்குப் பின்னால் இருக்கும் காட்டுக்குப் போகிறேன். நேற்றுக் காலை, நனைந்த சருகுக்கடியில் ஐந்து காளான். தொப்பி, தண்டு எல்லாம் கத்தரிப்பூ நிறம். கடையில் வெள்ளைக் காளானைத் தவிர வேறெதையும் பார்க்காதவர்கள் இதைக் காலால்கூடத் தொடமாட்டார்கள். நன்றாக வேகவைத்தால் அருமையான காளான்.

அதே நிறத்தில் இன்னொன்றும் உண்டு. அதன் குடும்பத்தில் சிலது சிறுநீரகத்தை முடித்துவிடும். உடனே தெரியாது. இன்று தின்றால் அடுத்த வாரம் படுப்போம். பிரித்தறிய ஒரு வழி, அடியிலிருக்கும் மடிப்புகளிலிருந்து உதிரும் தூள். ஒரு காளானின் தொப்பியை அறுத்துத் தாளில் கவிழ்த்து, மேலே டம்ளர் மூடி, ஒரு ராத்திரி விடவேண்டும். வெளிறிய ரோஸ் என்றால் அடுப்புக்கு. துருநிறம் என்றால் குப்பைக்கு.

அதற்குள் தொடக்கூடாது என்று அக்காவிடம் சொல்லியிருந்தேன். மாமாவிடம் சொல்லவில்லை. பத்து வருடமாக வெந்நீர்கூட வைக்காதவர் சமைப்பார் என்று யார் கண்டது?

"உங்கள யாரு சமைக்கச் சொன்னா?"

"வேலைய விட்டதப் பத்தி உன்ன ரொம்பப் பேசிட்டேன்னு உங்கக்கா ராத்திரி பூரா திட்டினா. சரி, மாப்ள கொண்டாந்தத மதிச்சுச் சாப்பிடுவோம்னு பார்த்தேன்."

மதிப்பை வேறு நாளில் காட்டியிருக்கலாம்.

விஷயத்தைச் சொன்னேன். மாமா தட்டை மெதுவாகக் கீழே வைத்தார். நேற்று ஒரு காளானை மூடிவைத்திருந்த டம்ளரைத் தூக்கினேன்.

காளானுக்கடியில் பழுப்பு அட்டை. ஆறு வருடப் பழக்கம். எதை வைக்கவேண்டுமென்றாலும் கை அட்டையைத்தான் எடுக்கும். ஜன்னலோரம் கொண்டுபோய்ச் சாய்த்துப் பார்த்தேன். ஒன்றும் தெரியவில்லை. தூள் உதிரவே இல்லையா, அட்டை நிறத்திலேயே உதிர்ந்திருக்கிறதா?

"என்ன மாப்ள, என்ன நெறம்?"

"சட்டையப் போடுங்க. கிளம்பணும்."

அப்போதுதான் ஞாபகம் வந்தது. மற்ற நாலையும் என் பழைய வேலைத் தொப்பியை விரித்து அதன்மேல்தான் கவிழ்த்து வைத்திருந்தேன். வெள்ளைத் தொப்பி. அது எங்கே என்று கேட்டேன்.

"அதுல எண்ணெ பட்டுருச்சு, அழுக்குக் கூடையில போட்டேன்," என்றார் மாமா.

அக்கா துணி துவைத்துக்கொண்டிருந்தாள். கூடை காலி.

"என் தொப்பியத் துவைச்சிட்டியா?"

"வேலைய விட்டவனுக்குத் தொப்பி எதுக்குடா? அந்தா ஓரமாக் கெடக்கு. நீயே துவை."

விரித்தேன். நாலு வட்டம், மங்கலாக. பிளேடால் ஒவ்வொன்றையும் சுரண்டி வெள்ளைப் பீங்கானில் தட்டினேன். நாலும் வெளிறிய ரோஸ். துரு ஒரு பொட்டுகூட இல்லை.

என் கண்ணை நம்பி இன்னொருவரின் சிறுநீரகத்தைப் பணயம் வைக்க முடியாது. அக்காவிடம் விஷயத்தைச் சொல்லிவிட்டு, தொப்பி, டம்ளர் காளான், குப்பையில் கிடந்த தண்டுத் துண்டுகள், மாமா எல்லாவற்றையும் கல்லூரி ஆய்வகத்துக்குக் கொண்டுபோனேன். நான் அடிக்கடி தொந்தரவு செய்யும் காளான் டீச்சர் மைக்ராஸ்கோப்பில் குனிந்தார். நிமிர நெடுநேரம் ஆனது.

"தூள் சரி. தண்டுலயும் விஷக் காளானுக்கு இருக்கிற சிலந்திவல மாதிரி நூல் இல்ல. நீங்க நெனச்ச காளானேதான். எவ்வளவு சாப்பிட்டார்?"

"கொஞ்சூண்டுங்க," என்றார் மாமா.

"ரெண்டு முழுக் காளான்," என்றேன். "கருக வறுத்தது."

"நல்லது. பச்சையாத் தின்னாத்தான் வயித்தக் கலக்கும். எதுக்கும் இன்னிக்கு வேற புதுசா எதையும் திங்காதீங்க."

வெளியே வந்து படியில் பாதி இறங்கினேன். உட்கார்ந்தேன். மாமாவும் பக்கத்தில் உட்கார்ந்தார். வெயில் சுள்ளென்று முகத்தில் அடித்தது, நன்றாக இருந்தது.

போன் அடித்தது. அக்கா.

"மனுஷன் இருக்காரா?"

"இருக்காரு. ஒன்னுமில்லையாம்."

மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. பிறகு, "என் தட்ட எங்கடா ஒளிச்சு வச்ச?"

"அலமாரி மேல. சூடு பண்ணித் தின்னு."

வழியில் ஒரு கடையில் நின்று வெள்ளைத்தாள் ஒரு கட்டு கேட்டேன்.

"வீட்டுலதான் அட்ட நெறையக் கெடக்கே மாப்ள," என்றார் மாமா.