கஞ்சி காயாத பாவு

இறந்து எட்டு மாதமான கலைவாணி, பிள்ளையார்பாளையத்தில் உமாபதியின் தறியில் நீளவாட்டில் பூட்டிய பாவு நூலில் ஒரு வெள்ளிக்கிழமை காலை நின்றுகொண்டிருந்தாள். ஒரு முழ உயரம் இருந்தாள். முகத்தை மறைத்துக் கேமரா பிடித்திருந்தாள். உமாபதி குறுக்குநூல் நாடாவை எறிந்து நெய்தால் துளி அசைந்தாள். கையை எடுத்தால் நின்றாள்.

தவறு அவள் கணவன் தினேஷுடையது. அவன் கதையில்லாத ஆவணப்படங்கள் எடுப்பவன். இடிபடப்போகும் தறிவீடுகளையும் அவற்றில் இருந்தவர்களின் நினைவுகளையும் ஐந்து வருடம் படமாக்கினான். கேமரா பிடித்தது முழுக்கக் கலைவாணி. அதனால் அத்தனை மணி நேரப் படத்திலும் அவள் மட்டும் இல்லை. ஏனாத்தூர் சாலையில் லாரி மோதி அவள் போன பிறகு தேடிப் பார்த்தான், நிழல்கூட விழவில்லை. பிறகு, விடியுமுன் கஞ்சி தடவித் தெருவில் கட்டி விரித்திருந்த உமாபதியின் பட்டுப் பாவைத் திரையாக்கி அந்தப் படத்தை ஓட்டினான். கஞ்சி காயும்வரை பாவில் தூசி படக்கூடாது என்று தெருவுக்கே தெரியும். வெளிச்சம் படலாமா என்று யாரும் யோசித்ததில்லை. கஞ்சியோடு படமும் காய்ந்து ஒட்டிக்கொண்டது. ஆனால் அதில் எடுத்த வீடுகள் தெரியவில்லை, எடுத்தவள் தெரிந்தாள்.

உமாபதியின் மனைவி காமாட்சியம்மாள் ஆளனுப்பி அவனை வரவழைத்தாள். தினேஷ் பார்த்தான். உட்கார்ந்தான். தண்ணீர் கொடுத்தார்கள், குடிக்காமல் தம்ளரைப் பிடித்துக்கொண்டே இருந்தான்.

"முகத்தக் காட்டுவாளா மாமா?"

"எனுக்கு இன்னாபா தெரியும்? நெய்தா நடக்குறா. நெய்ய நெய்யப் பாவு தீர்ந்துக்கினே வருது."

நிறுத்தினால் அவள் அப்படியே நிற்பாள், முகம் தெரியாது. நெய்தால் ஒருவேளை கேமராவை இறக்கலாம். அதற்குள் பாவு முடிந்தும் போகலாம். தினேஷ் ஒரு நாள் யோசித்துவிட்டு நெய்யச் சொன்னான்.

ஒரு பாவில் மூன்று புடவை. முதல் இரண்டில் அவள் தெருவைச் சுற்றினாள், ஏணி ஏறினாள், கேமராவை இறக்கவில்லை. நெய்து முடித்த துணியில் ஒரு தடமும் இல்லை, கடைக்காரர் வாங்கிக்கொண்டார். மூன்றாவதில் காமாட்சியம்மாளுக்குப் பொறுமை போனது. "அந்த டப்பாவ எறக்கேன்டி, தினேஷ் புள்ள சோறு தின்னாம குந்திக்கினு இருக்குது."

பாவு ஒரு சாணாகக் குறைந்தபோது உமாபதி வழக்கம்போலப் புதுப்பாவை இணைக்கத் தொடங்கினார். விரலில் சாம்பல் தொட்டு, பழைய இழையோடு புது இழையை முறுக்க வேண்டும். பாதியைத் தானே முறுக்குவேன் என்றான் தினேஷ். பழக்கமில்லாத விரல்களால் முறுக்கினான். உமாபதி தடுக்கவில்லை.

மறுநாள் நெய்தபோது கலைவாணி இணைப்புவரை வந்தாள். முறுக்கிய முனைகள் தடுக்காமலிருக்கக் கேமராவை இறக்கி, கீழே பார்த்துக் காலெடுத்து வைத்தாள். புதுப்பாவில் நிமிர்ந்தாள்.

முகம் தெரிந்தது. வலது கன்னத்து மச்சம் இடது கன்னத்தில் இருந்தது.

"இழைய மாத்திப் போட்டுட்டபா," என்றார் உமாபதி. "பிரிச்சு முறுக்கட்டுமா?"

"வேணாம் மாமா," என்றான் தினேஷ். "நெய்ங்க."

உமாபதி நாடாவை எறிந்தார்.