இன்னொரு கிண்ணம் சோறு

கொரிய சினிமா எடிட்டர் தாக் யோன்ஜுவுக்குப் படம் வெட்டுவது அலுக்கவில்லை. வெட்டி முடித்ததைத் திரும்ப வெட்டுவதுதான் அலுத்தது. இப்போதெல்லாம் படப்பிடிப்புத் தளத்திலேயே ஒருவன் கணினியோடு உட்கார்ந்துவிடுகிறான். ஷாட் எடுக்க எடுக்க ஒட்டிக் காட்டுவது அவன் வேலை. நல்ல ஏற்பாடுதான், யார் இல்லை என்றார்கள்? இயக்குநர் அந்த ஒட்டுவேலையை மாதக்கணக்கில் பார்த்து, அதன்மேல் மையல் கொண்ட பிறகு படம் எடிட்டரிடம் வருகிறது. தாலி கட்டிய மாப்பிள்ளைக்குப் பெண் பார்க்கச் சொன்ன கதை.

கடைசியாகச் செய்த படங்கள் எல்லாமே இப்படித்தான் போயின. பெயர் அவளுடையது, வெட்டு எவனுடையதோ. அதனால் இந்தப் படத்தில் ஒரே ஒரு காட்சியைத்தான் தன் இஷ்டத்துக்கு வெட்டக் கேட்டாள். அம்மாவின் இழவு. அந்த ஊரில் அதற்கு ஆஸ்பத்திரியிலேயே கூடம் உண்டு, துக்கத்துக்கு வந்தவர்களுக்கு அங்கேயே சாப்பாடும் உண்டு. மூத்த மகன் வருகிறான். தளத்தில் வெட்டியதில் அவன் அழுகிறான், தங்கை அழுகிறாள், சித்தப்பா அழுகிறார், மறுபடி அவனே அழுகிறான். ஒதுக்கிப் போட்டவற்றில் யோன்ஜு வேறொரு டேக்கைக் கண்டெடுத்தாள். அதில் அவன் அழவே இல்லை. காரமான மாட்டிறைச்சிக் குழம்பில் சோற்றைப் போட்டு வாரி வாரித் தின்கிறான். இன்னொரு கிண்ணம் சோறு கேட்கிறான். அவ்வளவுதான். அதையே எடுத்து வைத்துக் காட்சியை வெட்டினாள்.

இயக்குநர் மா சொங்கியூ அவளைவிட இளையவன். பார்த்துவிட்டுத் தலையைச் சொறிந்தான்.

"நல்லாத்தான் இருக்குக்கா. ஆனா அன்னிக்கு ஸ்பாட்ல பார்த்தப்ப நெஞ்சுல குத்துச்சு. அது இதுல வரலியே."

"அந்தக் குளிர்ல நின்னு பார்த்தா எதுதான் குத்தாது?"

"கோவிச்சுக்காதீங்க. இன்னொரு தடவை பாருங்களேன்."

பார்த்தாள். குறைத்தாள், நீட்டினாள், கடைசியில் கொஞ்சம் அழுகையைக்கூட வேண்டாவெறுப்பாகச் சேர்த்தாள். அவனுக்கோ பிடித்த முயலுக்கு மூன்றே கால். கடைசியில் யோன்ஜுவுக்குப் பொறுமை போயிற்று. உதவியாளர் சூல்கியைக் கூப்பிட்டாள்.

"ஸ்பாட்ல வெட்டினதை அப்படியே போடு. ஒரு ஃப்ரேம்கூடத் தொடாத."

"ஐயோ அக்கா, கண்டுபிடிச்சிருவாரு."

"கண்டுபிடிக்கட்டும்னுதான்டி போடச் சொல்றேன். அப்பவாச்சும் வெக்கப்படட்டும்."

சொங்கியூ பார்த்தான். பாதியிலேயே கண்ணைத் துடைத்தான். விளக்கு எரிந்ததும் எழுந்து வந்து அவள் கைகளைப் பிடித்துக்கொண்டான்.

"இதுதான்க்கா! இதைத்தான் இத்தனை நாளா கேட்டேன். அந்தப் பையன் வெட்டினதுல இந்த உயிர் எங்க இருந்துச்சு?"

"டைரக்டரே, இது அந்தப் பையன் வெட்டினதேதான். நான் தொடவேயில்ல."

அவன் கடகடவென்று சிரித்தான். "பார்த்தியா சூல்கி, பெரியவங்கன்னா இப்படி இருக்கணும். எவ்வளவு தன்னடக்கம்!"

"தன்னடக்கமும் இல்ல, மண்ணாங்கட்டியும் இல்ல. நிஜமாத்தான் சொல்றேன்."

"சரிக்கா, சரி. நீங்க தொடவேயில்ல." கண்ணடித்துவிட்டு அங்கேயே தயாரிப்பாளருக்குப் போன் போட்டான். தாக் அக்கா காட்சியை எங்கேயோ கொண்டுபோய்விட்டார்கள், அடுத்த படத்துக்கும் அவர்கள்தான் என்றான்.

அவன் திட்டியிருந்தால் யோன்ஜு திருப்பித் திட்டியிருப்பாள். இந்தப் பாராட்டை எங்கே கொண்டுபோய்க் கொட்டுவது?