தாச்சியைத் தொட்டவன்

"அமுக்குக்கா, வெளிச்சம் போகுது."

தாளில் போட்ட கரிக்கோட்டை வேட்டி நுனியால் அழித்துக்கொண்டே சொன்னான் சின்னராஜ். கோட்டை அரை விரல் தள்ளி மறுபடி வரைந்தான். அக்கா அடைக்கலமேரி காமிராப் பொத்தானை அமுக்கினாள். டக். ஒரு படம்.

விடிந்ததும் காமிராவைச் செக்காலை ஸ்டுடியோவில் திருப்பிக் கொடுத்தாக வேண்டும். பிலிம் சுருளில் மிச்சம் பத்து விநாடி.

ஒரே தாள்தான். வரை, எடு, அழி, மறுபடி வரை. ஓட்டிப் பார்த்தால் கரிப் பிள்ளைகள் கண்ணாமூச்சி ஆடுவார்கள். ஆனால் கரி முழுசாக அழிவதில்லை. ஓடிய பிள்ளைக்குப் பின்னால் சாம்பலாய் ஒரு தடம் நிற்கும்.

அந்தத் தடம் தம்பி மரியசூசையுடையது. பதினாலு வருஷத்துக்கு முன்னால், 1960இல், ஒக்கூரில் இதே வாசலில் ஆடும்போது ஒளியப் போனவன் மறுநாள் ஊருணியில் மிதந்தான். ஏழு வயது. தேட வேண்டியவன் சின்னராஜ். வைக்கோற்போர் வரை தேடிவிட்டு, சலித்துப்போய் வீட்டுக்குள் போனவன்.

"ஊருணிப் பக்கம் பார்க்கலையாடா?" என்று அம்மா சாகும்வரை கேட்டாள்.

அன்று தாச்சியாக உட்கார்ந்து சின்னராஜின் கண்ணைப் பொத்தியவள் அடைக்கலமேரி. யார் எங்குட்டு ஓடினார்கள் என்று தாச்சிக்குத்தான் தெரியும். பிடிபடாமல் திரும்பி வந்து தாச்சியைத் தொட்டவனுக்குச் செயிப்பு. அவளோ இன்றுவரை, "கவனிக்கலை" என்றே சொல்லிவந்தாள்.

"இனி நீ சொன்னாத்தான்க்கா கோடு ஓடும். எங்கே ஒளிஞ்சான்?"

"வைக்கப்போருக்குப் பின்னாடி."

"அங்கே நான் பார்த்தேனே. ஆளைக் காணோம்."

"நீ போறதுக்குள்ளே கிளம்பிட்டான். வரை."

வரைந்தான். டக்.

"இப்பத் திரும்பி வாரான்."

"எங்குட்டு?"

"எங்கிட்டத்தான்."

சாம்பல் தடத்தின் மேலேயே கரிப் பையன் திரும்பி ஓடிவந்தான். தாச்சியின் முழங்காலில் சின்னக் கை பட்டது. டக்.

சின்னராஜின் விரலில் கரி நொறுங்கியது. "தொட்டுட்டானா? அப்போ அவன் செயிச்சவன். பின்னே எதுக்கு ஊருணிக்குப் போனான்?"

அடைக்கலமேரி காமிராவிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

"அன்னிக்கு மூணு ஆட்டமும் நீ தோத்து, மூஞ்சியத் தூக்கி வச்சிருந்தே. 'தொட்டதை அண்ணன்கிட்டச் சொல்லாதே, ஊருணிப் படியில போய் உக்காரு, அவன் வந்து பிடிக்கட்டும்'னு நான்தான்டா திருப்பி அனுப்பினேன்."