சுயாக் கரையில் நட்ட தகடு

ரெஜிஸ் எறிந்த முதல் கல் வேதநாயகியின் தோளில் பட்டது. இரண்டாவது கல் அலுமினியத் தகட்டில் பட்டு, சேகண்டி அடித்தாற்போல் கரும்புக்காடு முழுக்கக் கேட்டது. அவளுக்கு இரண்டாவதுதான் வலித்தது.

மணி பத்து எட்டு. பத்து இருபத்துநாலுக்கு வெளிநாட்டு ரேடார் செயற்கைக்கோள் தலைக்கு மேலே கடந்துவிடும். விட்டால் மறுபடி முப்பத்தைந்து நாள்.

வேதநாயகி அகமதாபாத்தில் பதினெட்டு வருடமாக ரேடார் செய்பவள். மூன்று முக்கோணத் தகடுகளை அறையின் மூலை மாதிரிச் சேர்த்து, வாய்ப்பக்கம் வானத்தைப் பார்க்கத் தரையில் நட்டால், மேலிருந்து விழும் ரேடார் அலை வந்த வழியே திரும்பிப் போகும். படத்தில் அந்த இடம் ஒரு வெள்ளைப் புள்ளியாக எரியும். புள்ளி எவ்வளவு எரிகிறது என்பதை வைத்துத்தான் மற்ற எல்லாவற்றையும் அளக்க முடியும். புள்ளி இல்லாத படம் வெறும் படம்.

இந்தத் தீவின் தெற்கே செமின் கிரனியே ஊரிலிருந்து சுயாக் கடற்கரை வரை இப்படி நான்கு நட்டிருந்தாள். காலையில் வந்து பார்த்தபோது மூன்று நசுங்கிக் கிடந்தன. மிஞ்சியது இது ஒன்று. வரும் திங்கட்கிழமை அகமதாபாத்தில் குழு கூடுகிறது. வெளிநாட்டு ரேடாரையே வாங்கிக்கொள்ளலாம், சொந்தமாக எதற்கு என்று கேட்பவர்கள் அதில் பாதிப்பேர். ரேடார் படத்தை அளக்க நமக்கே தெரியும் என்று காட்டப் புள்ளியோடு வருகிறேன் என்று அவள் சொல்லிவிட்டு விமானம் ஏறியிருந்தாள்.

"அம்மா, நீங்க கார் உள்ளே போ" என்றான் மருதை. கோயிலில் கற்ற தமிழ் அவனுக்கு அவ்வளவுதான் வரும். செமின் கிரனியேயில் கரும்பு வெட்டுகிறவன். தகடுகளை முடுக்கவும் காவல் காக்கவும் அவள் கூலிக்கு வைத்த ஆள். தைப்பூசத்துக்கு இன்னும் நாலே நாள். காவடி எடுப்பதற்காகக் கையில் காப்புக் கட்டியிருந்தான். காப்புக் கட்டியவன் கறி தின்னக்கூடாது, கெட்ட வார்த்தை பேசக்கூடாது, யார்மேலும் கை ஓங்கக்கூடாது. அவன் வேலைக்கு வந்த அன்றே இதையெல்லாம் அவளிடம் சொல்லியிருந்தான்.

கரையிலிருந்து ஆறு பேர் ஏறி வந்தார்கள். முன்னால் ரெஜிஸ், கரும்பு வெட்டும் கத்தியோடு. பக்கத்தில் அவன் மனைவி எவெலின், ஸ்வெட்டர் ஆலையின் நீலச் சட்டையைக்கூடக் கழற்றாமல், மடி நிறையக் கல்லோடு.

"உன் ஊர்ல கடல் இல்லையா, மதாம்?" என்று எவெலின் தீவு மொழியான கிரியோலில் கத்தினாள். இரண்டு மாதத்தில் அந்த அளவு கிரியோல் வேதநாயகிக்குப் புரிந்தது. "எங்க கடலைத்தான் அளக்கணுமா? எத்தனை ரூம்பு ஓட்டல் கட்டப்போறீங்க?"

"பா லோத்தெல், ரெஜிஸ்!" என்றான் மருதை. "ஓட்டல் இல்லப்பா. இது வானத்துக்கு. மேலே ஒரு மெஷின் போகுது, அதுக்கு."

ரெஜிஸ் சிரித்தான். "போன வருஷம் வந்தவனும் இதையேதான் சொன்னான். புயலை அளக்கிறேன்னான். மூணாம் மாசம் புல்டோசர் வந்துச்சு. என் வீட்டுத் தகரத்தை எடுக்கக்கூட விடல. இப்ப அங்க வெள்ளைக்காரன் குப்புறப் படுத்து வெயில் காயறான். மாந்தேர்! பொய்யன்!"

வேதநாயகி பையிலிருந்து அரசாங்க அனுமதிக் கடிதத்தை எடுத்து நீட்டினாள். அதைவிடப் பெரிய தப்பை அன்று அவள் செய்திருக்க முடியாது. ரெஜிஸுக்கு எழுத்துத் தெரியாது. ஆனால் அந்த முத்திரை தெரியும். வீட்டைக் காலி செய்யச் சொல்லி வந்த தாளிலும் அதே முத்திரைதான் இருந்தது. கடிதத்தைப் பிடுங்கி அதில் துப்பி அவள் முகத்தில் அப்பினான்.

அப்புறம் பேச்சு இல்லை. ஒருவன் மருதையின் வயிற்றில் உதைத்தான். ஆறு நாள் விரத வயிறு, அப்படியே மடங்கினான். எழுந்தபோது வாயில் இன்னொரு குத்து விழுந்தது. உதடு கிழிந்து இரத்தம் மார்பில் ஒழுகியது. அவன் இரண்டு கைகளையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டான்.

"பாரு, சாமியாரு!" என்று ஒருவன் இளித்தான். "அடி, திருப்பி அடிக்க மாட்டான்."

மருதை தள்ளாடிப் போய்த் தகட்டின் வாய்ப்பக்கத்தை மறைத்து நின்றான். கற்களைத் தன் முதுகில் வாங்கிக்கொள்ளலாம் என்பது அவன் நினைப்பு.

"முன்னால நிக்காதே!" என்று வேதநாயகி அலறினாள். "மறைக்குது! பின்னால வா!"

அவன் ஒரு கணம் அவளைப் பார்த்தான். பிறகு பின்னால் வந்தான்.

பத்து இருபத்தொன்று. இரண்டு பேர் சேர்ந்து தாங்குகாலை உதைத்து முறித்தார்கள். தகடு சாய்ந்தது. வேதநாயகி அதன் முதுகில் தோளைக் கொடுத்து முட்டினாள். மருதை மேல் விளிம்பை இடது கையால் பற்றி இழுத்து நிமிர்த்தினான். கோணம் காட்டும் குமிழியை அவள் ஒரு கண்ணால் பார்த்துக்கொண்டிருந்தாள். எவெலின் எறிந்த கல் நெற்றியைப் பிளந்தது. இரத்தம் அந்தக் கண்ணில் இறங்கியதும் மற்றக் கண்ணால் பார்த்தாள்.

"இன்னும் கொஞ்சம் மேல. அப்படியே. அப்படியே பிடி."

பத்து இருபத்துநாலு ஆக இன்னும் ஐந்து விநாடி. ரெஜிஸ் கத்தியை ஓங்கித் தகடுகள் சேரும் மேல்முனையில் வெட்டினான். தகடு கிழிந்தது. மறுபடி ஓங்கினான். அந்த முனையிலிருந்து ஒரு சாண் தள்ளித்தான் மருதையின் விரல்கள் இருந்தன. மருதை கத்தியைப் பார்த்தான், அவளைப் பார்த்தான். கையை எடுக்க நேரம் இருந்தது.

"விடாதே" என்றாள் வேதநாயகி.

கத்தி இறங்கியது. தகட்டின் மேல் ஏதோ உருண்டு கீழே புல்லில் விழுந்தது. மருதையின் தொண்டையிலிருந்து வந்த சத்தத்தை மனிதன் போடுவான் என்று அவள் அதுவரை அறிந்ததில்லை. கட்டைவிரலும் சுட்டுவிரலும் மட்டும் விளிம்பில் மிச்சமிருந்தன. அந்த இரண்டாலும் அவன் பிடித்துக்கொண்டிருந்தான்.

ரெஜிஸ் கத்தியைக் கீழே போட்டுவிட்டான். "நான் தகட்டைத்தான்… மோ ஃப்ரேர், என் சகோதரா, தகட்டைத்தான் வெட்டினேன்!" எவெலின் மடியிலிருந்த கற்களை உதிர்த்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டாள். வேதநாயகி கைக்கடிகாரத்தின் விநாடிகளை உதடு அசையப் படித்தாள். பதினான்கு, பதினைந்து, பதினாறு, பதினேழு. வானத்தில் எதுவும் தெரியவில்லை, எதுவும் கேட்கவில்லை. முப்பது வரை எண்ணிவிட்டுத்தான் தோளை எடுத்தாள்.

அதன் பிறகே தன் புடவைத் தலைப்பைக் கிழித்து அவன் கையைக் கட்டினாள். காரில் ரெஜிஸ்தான் அவனைத் தூக்கி வைத்தான்.

மறுநாள் விமானத்துக்கு மூன்று மணி நேரம் இருந்தபோது போலீஸ் அதிகாரி லிண்ட்சே அவளைக் கூப்பிட்டு அனுப்பினார். ரெஜிஸ் கம்பிக்குப் பின்னால் இருந்தான். முகம் வீங்கி, ஒரு கண் திறக்கவில்லை. லிண்ட்சே எழுதி வைத்திருந்த வாக்குமூலத்தில் நான்கே வரிகள். கூலியாள் மருதையின் கையைக் குறிவைத்து வெட்டினான் என்று மூன்றாவது வரி சொன்னது.

"அவன் தகட்டைத்தான் வெட்டினான்" என்றாள் வேதநாயகி. "மருதை கையை எடுத்திருக்கலாம். நான்தான் விடாதே என்று சொன்னேன்."

லிண்ட்சே பேனாவை மூடினார். "மதாம், நீங்க எங்க அரசாங்கத்தோட விருந்தாளி. அதை எழுதினா நீதிமன்றம் முடியறவரைக்கும் நீங்க இங்க இருக்கணும். ஆறு மாசம். சில சமயம் ஒரு வருஷம்." தன் கடிகாரத்தைப் பார்த்தார். "எழுதட்டுமா?"

செயற்கைக்கோள் அனுப்பியதைத் தரைநிலையம் பிடித்துக் கொடுத்த பதிவு நாடா அவள் மடியில் பையில் இருந்தது. புள்ளி அதில் இருக்கிறதா இல்லையா என்று அவளுக்கு இன்னும் தெரியாது. கம்பிக்குள்ளிருந்து ரெஜிஸ் திறந்த ஒற்றைக் கண்ணால் அவளையே பார்த்தான். அவர்கள் பேசிய ஆங்கிலம் அவனுக்குப் புரியவில்லை. அவள் தனக்காகத்தான் பேசுகிறாள் என்பதை மட்டும் முகத்தில் கண்டுகொண்டு தலையை ஆட்டினான். "வீ, மதாம். சொல்லுங்க, மதாம்" என்றான்.

வேதநாயகி பேனாவை வாங்கி நான்கு வரிகளுக்கும் கீழே கையெழுத்துப் போட்டாள்.

புள்ளி இருந்தது. திங்கட்கிழமை குழுவில், அது கணக்கிட்டதைவிடச் சற்று மங்கலாக இருப்பதேன் என்று ஒருவர் கேட்டார். தகடு சேதமடைந்திருந்தது, கையால் தாங்கிப் பிடித்தோம் என்றாள். யார் கையால் என்று யாரும் கேட்கவில்லை. பகல் உணவுக்கு முன்பே ரேடாரைச் சொந்தமாகவே கட்டுவதென்று முடிவாகி, அவளைத் திட்டத்துக்குத் தலைவியாக்கினார்கள்.